இருந்தவர் நிலமும் வந்தவர் சட்டமும்: ஆஸ்திரேலியப் பூர்வகுடி நிலவுரிமை குறித்த ஒரு மதிப்பீடு

கேள்வியும் அதன் எடையும்

ஒரு மக்கள் கூட்டம் தன் சொந்தச் சட்டப்படி தலைமுறை தலைமுறையாக ஒரு நிலத்தில் வாழ்ந்துவருகிறது. கடல் கடந்து வந்த வேறோர் அரசு அங்கே கொடி நாட்டி, இனி இது தன் ஆட்சிப்பரப்பு என்று அறிவிக்கிறது. முன்பிருந்தவர்களின் நிலவுரிமை அதன்பின் என்ன ஆகிறது? அடியோடு இல்லாமல் போகிறதா? புதிய அரசு ஏற்றுக்கொண்டால் மட்டும் பிழைக்கிறதா? யார் ஏற்றாலும் ஏற்காவிட்டாலும் தொடர்கிறதா?

இந்தக் கேள்விக்கு இருநூறு ஆண்டுகளுக்கும் மேலாக விடைகள் சொல்லப்பட்டுவருகின்றன. அவற்றை எடைபோட ஆஸ்திரேலியா தகுந்த களம். நியூசிலாந்தில் 1840ஆம் ஆண்டின் வைத்தாங்கி ஒப்பந்தம் இருக்கிறது. வட அமெரிக்காவில் மன்னராட்சியும் பின்னர் வந்த அரசுகளும் பழங்குடிகளோடு செய்துகொண்ட ஒப்பந்தங்கள் பல இருக்கின்றன. ஆஸ்திரேலியாவிலோ ஒரு கண்டம் முழுவதும் எந்த ஒப்பந்தமும் இல்லாமல் எடுத்துக்கொள்ளப்பட்டது. அதனால் அங்கே இந்தக் கேள்வி கலப்பில்லாமல் எழுகிறது. விடை எதுவானாலும் அதன் விளைவுகள் கனமானவை. வழக்கில் எதை யார் மெய்ப்பிக்க வேண்டும், உரிமை எப்போது முடிகிறது, முடிந்தால் இழப்பீடு உண்டா என்பதெல்லாம் அந்த விடையைப் பொறுத்தே அமைகின்றன.

மூன்று முதன்மையான விடைகளையும் அவற்றின் பிறப்பிடங்களையும் பலவீனங்களையும் இக்கட்டுரை பார்க்கிறது. இன்றைய ஆஸ்திரேலியச் சட்டம் மூன்றாம் விடையைத் தன் கொள்கையாக அறிவித்திருக்கிறது. நடைமுறையில் அது இன்னும் பாதி வழியில்தான் நிற்கிறது என்பதே இங்கு முன்வைக்கப்படும் கருத்து. நிலவுரிமை பூர்வகுடிகளின் சட்டத்தில் பிறக்கிறது என்பதை நீதிமன்றங்கள் ஒப்புக்கொண்டுவிட்டன. அதை அளக்கும் கோலையும் முடித்துவைக்கும் அதிகாரத்தையும் மட்டும் வந்தவர்களின் சட்டமே வைத்துக்கொண்டிருக்கிறது.

முதல் விடை: உரிமை என்று ஒன்றும் இல்லை

1768இல் ஜேம்ஸ் குக் புறப்பட்டபோது பிரிட்டிஷ் கடற்படைத் தலைமை அவருக்குத் தந்த இரகசிய உத்தரவில், அங்கு வாழ்பவர்களின் சம்மதத்தோடு பொருத்தமான இடங்களை வசப்படுத்தலாம் என்றிருந்தது. 1770 ஆகஸ்ட் 22 அன்று டோரஸ் நீரிணையில் ஒரு சிறு தீவில் நின்று கிழக்குக் கரை முழுவதையும் அவர் மன்னர் பெயரில் உரிமை கோரினார். அதற்கு எவருடைய சம்மதமும் பெறப்படவில்லை. 1788இல் சிட்னியில் குடியேற்றம் தொடங்கியபோதும் நிலை இதுவே.

1835இல் ஜான் பேட்மன் என்ற குடியேறி, இன்றைய மெல்பர்ன் பகுதியில் கூலின் மக்களோடு ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டதாகச் சொன்னார். அந்த ஒப்பந்தம் நேர்மையானதா என்பது வேறு கேள்வி. ஆளுநர் ரிச்சர்ட் பர்க் அதே ஆண்டு அதைச் செல்லாது என அறிவித்தபோது சொன்ன காரணம் கவனிக்கத்தக்கது: நிலம் அனைத்தும் முடியரசுக்குச் சொந்தம், அதை விற்கவோ கொடுக்கவோ வேறு எவருக்கும் உரிமையில்லை. 1889இல், குடியேற்ற நாடுகளின் மேல்முறையீடுகளை முடிவுசெய்த லண்டன் பிரிவி கவுன்சில், கூப்பர் எதிர் ஸ்டூவர்ட் வழக்கில், குடியேற்றத்தின்போது நியூ சவுத் வேல்ஸ் நிலையான குடிகளோ நிலைபெற்ற சட்டமோ இல்லாத பரப்பாக இருந்தது என்ற பொருளில் கூறியது. குடியேறிகளுக்குத் தரப்பட்ட ஒரு நிலமானியத்தின் நிபந்தனை பற்றிய வழக்கு அது. பூர்வகுடிகள் எவரும் அதில் வாதியுமல்ல, பிரதிவாதியுமல்ல. அவர்கள் பங்கில்லாமல், அவர்களைக் கேட்காமல் சொல்லப்பட்ட அந்த வாசகம் நூறாண்டுக்கு மேல் அவர்கள் தலைமேல் நின்றது.

1918இல் தெற்கு ரொடீசியா வழக்கில் பிரிவி கவுன்சில் இன்னும் ஒரு படி போயிற்று. சில சமூகங்கள் நாகரிக ஏணியில் மிகக் கீழே இருப்பதால், அவற்றின் நிலவழக்கங்களை உடைமை என்றே கருத முடியாது என்றது.

இந்த விடையைச் சுருக்கமாக 'டெர்ரா நல்லியஸ்', அதாவது யாருக்கும் சொந்தமில்லாத நிலம் என்ற கோட்பாடு என்கிறோம். இதன் வரலாறு பற்றி ஆய்வாளர்களிடையே சர்ச்சை உண்டு. ஹென்றி ரெனால்ட்ஸ் 1987இல் வெளியிட்ட நூலில், பூர்வகுடிகளுக்கு நிலவுரிமை உண்டு என்பதைப் பிரிட்டிஷ் அதிகாரிகளில் ஒரு பகுதியினர் அக்காலத்திலேயே அறிந்திருந்தனர் என்று வாதிட்டார். மைக்கேல் கானர் 2005இல், குடியேற்றக் காலத்தில் அந்தச் சொற்றொடர் புழக்கத்திலேயே இல்லை என்றும், பிற்காலத்தவர் அதைப் பின்னோக்கி ஏற்றிவிட்டனர் என்றும் மறுத்தார். சொற்றொடரைப் பொறுத்தவரை கானரின் எச்சரிக்கையில் நியாயம் இருக்கிறது. ஆனால் பர்க்கின் அறிவிப்பும் 1889ஆம் ஆண்டுத் தீர்ப்பும் நடைமுறை என்னவாக இருந்தது என்பதைச் சந்தேகமின்றிக் காட்டுகின்றன. முதல் விடையின் பலவீனம் சட்டத்தில் தொடங்கவில்லை, உண்மையில் தொடங்குகிறது. மக்கள் இருந்தார்கள், அவர்களுக்குச் சட்டமும் இருந்தது.

இரண்டாம் விடை: புதிய அரசு ஏற்றால் உண்டு

முன்பிருந்த உரிமைகளை மறுக்காமல், அவை புதிய அரசின் ஏற்பைப் பெற்றால்தான் நீதிமன்றம் ஏறும் என்பது இரண்டாம் விடை. இதன் முதன்மையான முன்மாதிரிகள் இந்தியாவிலிருந்து பிரிவி கவுன்சிலுக்குச் சென்ற வழக்குகள். 1924இல் வஜேசிங்ஜி ஜோராவர்சிங்ஜி வழக்கு முடிவானது. சிந்தியா அரசர் 1860இல் பிரிட்டிஷாரிடம் ஒப்படைத்த பஞ்சமகால் பகுதியின் நிலம் பற்றியது அது. ஒரு பகுதி புதிய அரசின் கைக்கு மாறிய பிறகு, அங்குள்ளவர்கள் அந்த அரசு தானாக ஏற்றுக்கொண்ட உரிமைகளை மட்டுமே நீதிமன்றத்தில் கேட்கலாம் என்று முடிவாயிற்று. சுதந்திர இந்தியாவும் இதைக் கைவிடவில்லை. குஜராத்தின் சந்த் சமஸ்தானத்தில், இணைப்புக்குச் சற்று முன் அதன் அரசர் அளித்த வன உரிமைகள் தொடர்பான வழக்கில், 1964இல் உச்ச நீதிமன்றம் பெரும்பான்மையாக இதே வழியில் நின்றது.

ஆஸ்திரேலியாவில் இந்த விடையின் நிழல் 1971இல் மிலிர்ப்பம் எதிர் நபால்கோ வழக்கில் விழுந்தது. வடக்கு ஆட்சிப்பகுதியின் கோவ் தீபகற்பத்தில் பாக்சைட் சுரங்கத்துக்காகத் தங்கள் நிலம் எடுக்கப்படுவதை யொல்ங்கு மக்கள் எதிர்த்தனர். 1963இல் மரப்பட்டையில் தங்கள் குல ஓவியங்களை வரைந்து, நடுவே தங்கள் மொழியிலும் ஆங்கிலத்திலும் தட்டச்சு செய்த மனுவை ஒட்டி நாடாளுமன்றத்துக்கு அனுப்பியிருந்தனர். வழக்கை விசாரித்த நீதிபதி பிளாக்பர்ன், அவர்களிடம் நுட்பமும் ஒழுங்கும் கொண்ட ஒரு சட்டமுறை இருப்பதைத் தயங்காமல் ஒப்புக்கொண்டார். இருந்தும், குலம் நிலத்துக்கு உரியதாக இருக்கிறதே தவிர நிலம் குலத்துக்கு உரிய 'உடைமை'யாகத் தெரியவில்லை என்றார். சமூக நிலவுரிமை என்ற கோட்பாடு ஆங்கிலப் பொதுச் சட்டத்தில் இடம்பெற்றதே இல்லை என்றும் கூறி வழக்கைத் தள்ளுபடி செய்தார். அடுத்த பகுதியில் விரிவாகப் பார்க்கவிருக்கும் 1992ஆம் ஆண்டின் மாபோ வழக்கில் தனித்து மாறுபட்ட நீதிபதி டாசனும், அரசின் ஏற்பு இல்லாத இடத்தில் உரிமை இல்லை என்ற நிலைப்பாட்டையே எடுத்தார்.

இந்த விடையின் பலம் நிச்சயத்தன்மை. நிலப்பதிவேடு எதை ஏற்றதோ அதுவே உரிமை. இதன் குறை அடிப்படையானது. உரிமையைப் பறித்தவரிடமே அதை ஏற்கும் அதிகாரத்தையும் இது கொடுக்கிறது. பேசாமல் இருந்துவிட்டாலே அரசுக்கு வெற்றி. ஆட்சி மாறினாலும் தனியார் உடைமை மாறாது என்பது ஆங்கிலச் சட்டமே வேறிடங்களில் ஏற்ற கொள்கை. ஓர் இனத்துக்கு மட்டும் அதை ஏன் மறுக்க வேண்டும் என்பதற்கு இரண்டாம் விடையிடம் தக்க பதில் இல்லை.

மூன்றாம் விடை: உரிமை தொடர்கிறது

ஆட்சியுரிமையும் நில உடைமையும் வெவ்வேறு, முன்னது மாறுவதால் பின்னது அழியாது என்பது மூன்றாம் விடை. 1823இல் அமெரிக்கத் தலைமை நீதிபதி ஜான் மார்ஷல் எழுதிய தீர்ப்பிலும், 1847இல் நியூசிலாந்தின் சிமண்ட்ஸ் வழக்கிலும் இதன் தொடக்கங்கள் உள்ளன. 1921இல் லாகோஸ் நிலம் பற்றிய அமோடு டிஜானி வழக்கில் பிரிவி கவுன்சில், முடியரசின் மூல உரிமை பூர்வகுடிகளின் அனுபோக உரிமையைச் சுமந்தபடிதான் வருகிறது என்றது. ஆங்கில உடைமைக் கருத்துகளை அங்கே போட்டுப் பொருத்திப் பார்க்கும் பழக்கத்துக்கு எதிராகவும் எச்சரித்தது. 1973இல் கனடாவின் கால்டர் வழக்கில் நிஷ்கா மக்கள் தோற்றாலும், பெரும்பாலான நீதிபதிகள் இப்படியொரு உரிமை சட்டத்தில் உண்டு என்பதை ஏற்றனர். 1975இல் மேற்குச் சகாரா பற்றிய கருத்துரையில் பன்னாட்டு நீதிமன்றம், சமூக அமைப்புள்ள மக்கள் வாழும் பரப்பு யாருக்கும் சொந்தமில்லாத நிலம் ஆகாது என்றது.

இந்த ஓடைகளெல்லாம் சேர்ந்த இடம் மாபோ வழக்கு. டோரஸ் நீரிணையின் கிழக்கு முனையில் உள்ள மேர், எரிமலை மண்ணால் ஆன சிறு தீவு. மெரியம் மக்கள் அங்கே தோட்டப்பயிர் செய்பவர்கள். எந்தத் தோட்டம் எந்தக் குடும்பத்துடையது, எந்த மரமும் கல்லும் எல்லை என்பது ஊரறிந்த செய்தி. அடுத்தவர் தோட்டத்தில் கால்வைக்காதே, அடுத்தவர் விளைச்சலில் கைவைக்காதே என்பது மாலோ தெய்வத்தின் கட்டளையாக அங்கே வழங்குகிறது. 1879இல் குயின்ஸ்லாந்து இத்தீவுகளைத் தன்னோடு இணைத்துக்கொண்டது. 1982 மே மாதம் எடி கொய்கி மாபோவும் வேறு நால்வரும் வழக்குத் தொடர்ந்தனர். 1985இல் குயின்ஸ்லாந்து அரசு, இருந்திருக்கக்கூடிய உரிமைகள் அனைத்தையும் இழப்பீடின்றி ஒரே சட்டத்தால் துடைத்தெறிய முயன்றது. 1975ஆம் ஆண்டின் இனப்பாகுபாட்டுத் தடைச் சட்டத்துக்கு அது முரணானது என்று, ஆஸ்திரேலியாவின் தலைமை நீதிமன்றமான உயர் நீதிமன்றம் 1988இல் தடுத்தது. 1992 ஜூன் 3 அன்று, ஆறுக்கு ஒன்று என்ற கணக்கில், மேர் தீவின் நிலம் உலகில் வேறு எவருக்கும் எதிராக மெரியம் மக்களுக்கே உரியது என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாபோ அதற்கு நான்கு மாதங்களுக்கும் மேலாக முன்னரே, ஜனவரி 21 அன்று, இறந்துவிட்டார்.

தலைமைத் தீர்ப்பை எழுதிய நீதிபதி பிரென்னன் வகுத்த கொள்கையில் இரண்டு பாகங்கள் உண்டு. நிலவுரிமையின் தோற்றமும் உள்ளடக்கமும் பூர்வகுடிகளின் மரபுச் சட்டத்திலிருந்து வருகின்றன என்பது ஒன்று. அரசு தெளிவான நோக்கத்தோடு செயல்பட்டால் அந்த உரிமையை முடித்துவைக்கலாம், மக்கள் மரபை விட்டுவிட்டாலும் அது முடிந்துவிடும் என்பது மற்றொன்று. முடித்ததற்குப் பொதுச் சட்டப்படி இழப்பீடு இல்லை என்று நான்குக்கு மூன்று என்ற கணக்கில் முடிவாயிற்று. உரிமையின் பிறப்பு ஒரு சட்டத்திலும் இறப்பு இன்னொரு சட்டத்திலும் என்ற ஏற்பாடு அன்றே உருவாகிவிட்டது.

அளவுகோலின் சிக்கல் இந்த வழக்குக்குள்ளேயே தெரிகிறது. பிறந்த சில நாளில் தாயை இழந்த மாபோ, தாய்மாமன் பென்னி மாபோவின் வீட்டில் மகனாக வளர்ந்தவர். உறவுக்குள் பிள்ளையைத் தத்துக்கொடுப்பது டோரஸ் நீரிணை மக்களின் நெடுநாள் வழக்கம். உண்மைகளை ஆராய்ந்த குயின்ஸ்லாந்து நீதிபதி மொய்னிஹன், அந்தத் தத்தை மெய்ப்பிக்கப்பட்டதாகக் கொள்ளவில்லை. எனவே வழக்கு மாபோவின் பெயரால் வரலாற்றில் நிலைத்தது, அவருடைய சொந்த நிலக்கோரிக்கையோ விசாரணையிலேயே விழுந்தது. யார் யாருக்குப் பிள்ளை என்ற மரபுச் சட்டக் கேள்விக்கும் இறுதி விடை வெளியிலிருந்தே வந்தது. அந்தத் தத்து வழக்கத்தைக் குயின்ஸ்லாந்து தனிச் சட்டத்தால் ஏற்றது 2020இல்தான்.

சட்டமன்றத்தின் மாற்று வழி

நீதிமன்றம் மறுத்ததைச் சட்டமன்றம் கொடுத்த வரலாறும் இருக்கிறது. 1966இல் வேவ் ஹில் பண்ணையிலிருந்து வின்சென்ட் லிங்கியாரி தலைமையில் குரிஞ்சி மக்கள் வெளியேறினர். கூலிப் போராட்டமாகத் தொடங்கியது, நிலம் கேட்கும் போராட்டமாயிற்று. மிலிர்ப்பம் தோல்விக்குப் பின் நீதிபதி உட்வர்டு தலைமையில் அமைந்த ஆணையத்தின் பரிந்துரைப்படி, 1976இல் வடக்கு ஆட்சிப்பகுதிக்கான பூர்வகுடி நிலவுரிமைச் சட்டம் பிறந்தது. இன்று அப்பகுதியின் நிலத்தில் ஏறத்தாழப் பாதி இச்சட்டப்படி பூர்வகுடிகளின் கையில் இருக்கிறது. இச்சட்டத்தில் இரண்டு தனிச்சிறப்புகள் உள்ளன. நிலத்தோடுள்ள ஆன்மிகப் பொறுப்பே இங்கு உரிமைக்கு அடிப்படை. ஆட்சி நிறுவப்பட்ட நாள் முதல் அறுபடாத தொடர்ச்சியைக் காட்ட வேண்டியதில்லை. சுரங்க ஆய்வுக்கு 'வேண்டாம்' என்று சொல்லும் அதிகாரமும் உரிமையாளர்களுக்கு உண்டு.

ஆனால் இது இரண்டாம் விடையின் பெருந்தன்மையான வடிவமே. கொடுத்த சட்டமன்றம் எடுக்கவும் முடியும். நடைமுறைப் பயனை மட்டும் பார்த்தால் மாபோவின் வழிவந்த உரிமையைவிட இது வலுவானது என்பது இத்துறையின் முரண்களில் ஒன்று. கோட்பாட்டில் உயர்ந்த உரிமை கையில் மெலிந்ததாகவும், கோட்பாட்டில் தாழ்ந்தது கையில் கனமானதாகவும் இருக்கின்றன.

மாபோவுக்குப் பின்: அளவுகோல் யாருடையது?

1994 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த 'நேட்டிவ் டைட்டில்' சட்டம், மாபோ கொள்கையை எழுத்தில் வடித்தது. 1996 டிசம்பர் 23 அன்று விக் வழக்கில், மேய்ச்சல் குத்தகை ஒன்றே பூர்வகுடி உரிமையை முழுதும் அழித்துவிடாது, இரண்டும் ஒரே நிலத்தில் இருக்கலாம், மோதினால் குத்தகைதாரரின் உரிமையே மேலோங்கும் என்று நான்குக்கு மூன்றாக முடிவாயிற்று. கண்டத்தின் ஏறத்தாழ 40 விழுக்காடு நிலம் இத்தகைய குத்தகையில் இருந்ததால் பெரும் அரசியல் கொந்தளிப்பு எழுந்தது. ஜான் ஹோவர்டு அரசு 1998இல் சட்டத்தைத் திருத்திப் பூர்வகுடிகளின் பேச்சுவார்த்தை உரிமைகளைக் குறுக்கியது. இனப்பாகுபாட்டு ஒழிப்புக்கான ஐ.நா. குழு 1999இல் இதுகுறித்துக் கவலை தெரிவித்தது.

அடுத்து வந்த தீர்ப்புகள் உரிமையின் எல்லைகளை வரைந்தன. 1998இல் ஃபேஹோ வழக்கு: முழு உரிமையோடு ஒருவருக்கு விற்கப்பட்ட நிலம் பின்னர் அரசிடமே திரும்பினாலும் பூர்வகுடி உரிமை மீண்டும் எழாது. 2002இல் வார்டு வழக்கு: அந்த உரிமை தனித்தனி உரிமைகளின் ஒரு கட்டு, அதிலிருந்து ஒவ்வொன்றாக உருவிவிடலாம், கனிமங்களில் அதற்கு இடமில்லை.

'உரிமைக் கட்டு' என்ற பார்வையால் நன்மையே விளையாது என்றும் சொல்ல முடியாது. 1999இல் முடிவான யானர் எதிர் ஈட்டன் வழக்கில், கார்ப்பென்டேரியா வளைகுடாப் பகுதியைச் சேர்ந்த முராண்டூ யானர் மரபுவழி ஈட்டியால் இரண்டு முதலைக் குட்டிகளைப் பிடித்திருந்தார். காட்டுயிர்கள் அரசின் சொத்து என்ற சட்டத்தைக் காட்டி, உரிமமின்றிப் பிடித்தார் எனக் குற்றஞ்சாட்டினர். அந்தச் சட்டம் வேட்டையை ஒழுங்குபடுத்துகிறதே தவிர மரபு உரிமையை அழிக்கவில்லை என்று உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. ஒரு கூறு அடிபட்டாலும் மற்றவை பிழைக்கும் என்பது இப்பார்வையின் அனுகூலம். நிலத்தோடுள்ள உறவை முழுமையாக வாழ்பவர்களிடம், அதை வேட்டை, மீன்பிடி, சடங்கு என்று கூறுபோட்டுக் கணக்குக் கேட்பது இதன் கொடுமை.

மெய்ப்பிக்கும் சுமை

கடும் விமர்சனத்துக்கு உள்ளான தீர்ப்பு யோர்ட்டா யோர்ட்டா மக்களுடையது. நியூ சவுத் வேல்ஸ், விக்டோரியா மாநிலங்களுக்கிடையே மரே ஆற்றங்கரையில் வாழும் இவர்களுடைய நிலம் 1840களிலிருந்தே குடியேறிகளால் ஆக்கிரமிக்கப்பட்டது. விசாரணை நீதிபதி ஓல்னி 1998இல், அக்காலத்தில் அங்கே நிலம் பிடித்துக் குடியேறிய எட்வர்டு கர் எழுதிவைத்த நினைவுகளைப் பெரிதும் நம்பினார். பூர்வகுடிகள் வாய்மொழியாகச் சொன்ன சான்றுக்கு அவ்வளவு எடை தரவில்லை. 1881இல் அவர்களுடைய முன்னோர் ஆளுநருக்கு அனுப்பிய, பயிர்செய்ய நிலம் கேட்ட மனுவை, மரபு வாழ்க்கை அறுந்துபோனதற்குச் சான்றாக எடுத்துக்கொண்டார். நிலத்தைப் பறிகொடுத்தவர்கள் நிலம் கேட்டு எழுதிய கடிதமே அவர்களுக்கு எதிரான ஆவணமாயிற்று. 2002 டிசம்பரில் உயர் நீதிமன்றம் ஐந்துக்கு இரண்டாக இதை உறுதிசெய்தது. ஆட்சி நிறுவப்பட்ட நாளில் இருந்த சமூகமும் அதன் சட்டங்களும் கணிசமான இடைவெளியின்றித் தொடர்ந்திருக்க வேண்டும் என்ற அளவுகோல் நிலைபெற்றது.

இதன் விளைவு தலைகீழானது. குடியேற்றத்தால் மிகுதியாக அடிபட்ட தென்கிழக்கு மக்களுக்கு உரிமை கிடைப்பது அரிது, அதிகம் தீண்டப்படாத வடக்கு, மேற்குப் பாலைப் பகுதியினருக்கு எளிது. இழப்பு எவ்வளவு பெரியதோ அவ்வளவுக்குத் தீர்வு குறைகிறது.

இதற்கு எழுந்த மறுமொழிகள் பலதரப்பட்டவை. கெண்ட் மெக்னீல் 1989இலேயே, மரபைத் தோண்டிப்பார்க்காமல், ஆட்சி வந்த நாளில் நிலம் யார் அனுபோகத்தில் இருந்தது என்பதை அடிப்படையாகக் கொள்ளலாம் என்று வாதிட்டிருந்தார். நோயல் பியர்சன், நீதிமன்றம் மாபோ கொள்கையை விட்டு விலகி 'நேட்டிவ் டைட்டில்' சட்டத்தின் 223ஆம் பிரிவின் சொற்களுக்குள் உரிமையைச் சுருக்கிவிட்டது என்று கண்டித்தார். ராபர்ட் ஃபிரெஞ்சு, தலைமை நீதிபதி ஆவதற்குச் சற்று முன், 2008இல், தொடர்ச்சி உண்டு என்றே முதலில் கொண்டு, இல்லையென்பதை அரசு மெய்ப்பிக்கட்டும் என்ற யோசனையை வைத்தார். அது இன்றுவரை சட்டமாகவில்லை.

இன்னும் ஆழமான விமர்சனம் இந்த ஏற்பாட்டையே கேள்வி கேட்கிறது. தங்கள் தொன்மையை அரசு விரும்பும் வடிவில் நடித்துக்காட்டும்படி பூர்வகுடிகள் நிர்ப்பந்திக்கப்படுகிறார்கள் என்றார் மானிடவியலாளர் எலிசபெத் பொவினெல்லி. ஐரீன் வாட்சன், அய்லீன் மோர்ட்டன்-ராபின்சன் போன்ற பூர்வகுடி அறிஞர்கள், இங்கே இறையாண்மை ஒருபோதும் கைவிடப்படவில்லை, நிலவுரிமை என்ற அளவுக்குக் கேள்வியைச் சுருக்குவதே தவறு என்கிறார்கள். எதிர்த்திசையில் தத்துவவாதி ஜெரமி வால்ட்ரன், காலம் செல்லச்செல்லச் சூழல் மாறும்போது, பழைய அநீதியில் பிறந்த நிலைமையும் நியாயமாகிவிடக்கூடும் என்று 1992இல் வாதிட்டார். இவ்வாதத்தை எளிதில் ஒதுக்க முடியாது. இன்று அந்நிலத்தில் வாழும் கோடிக்கணக்கானவர்களுக்கும் நியாயமான எதிர்பார்ப்புகள் உண்டு. ஆனால் அநீதி முடிந்துவிட்டது என்று அது எடுத்துக்கொள்கிறது. உரிமை மறுப்பு இன்றும் தொடரும் இடத்தில், கடந்த காலம் என்று எதைச் சொல்வது? பறித்ததை நெடுங்காலம் வைத்திருந்தால் போதும் என்ற பாடத்தையும் அது தெரியாமல் கற்பித்துவிடுகிறது.

வழக்கைத் தவிர்த்த தீர்வுகளும் உண்டு. பெர்த் நகரை உள்ளடக்கிய பகுதியில் நூங்கார் மக்கள் 2006இல் வென்றார்கள், 2008இல் மேல்முறையீட்டில் அந்த வெற்றி நிலைக்கவில்லை. பின்னர் நிலமும் நிதியும் சேர்ந்து ஏறத்தாழ 130 கோடி ஆஸ்திரேலிய டாலர் மதிப்புள்ள உடன்பாடு எட்டப்பட்டு 2021இல் நடைமுறைக்கு வந்தது. அதற்கு ஈடாக அவர்கள் பூர்வகுடி நிலவுரிமையை விட்டுக்கொடுத்தார்கள். இதை நடைமுறை ஞானம் என்பாரும் உண்டு, விலைபேசல் என்பாரும் உண்டு.

பேச உரிமை, மறுக்க உரிமையில்லை

இன்று கண்டத்தின் மூன்றில் ஒரு பங்குக்கும் மேலான நிலத்தில் ஏதோ ஒரு வகையில் பூர்வகுடி உரிமை ஏற்கப்பட்டிருக்கிறது. அந்த உரிமை எவ்வளவு தாங்கும் என்பதை 2020 மே மாதம் காட்டியது. மேற்கு ஆஸ்திரேலியாவின் பில்பரா பகுதியில், 46,000 ஆண்டுகளுக்கு முன்பே மனிதர் தங்கிய ஜூக்கன் பள்ளத்தாக்குக் குகைகளை, இரும்புத்தாதுச் சுரங்கத்தை விரிவுபடுத்த ரியோ டின்டோ நிறுவனம் வெடிவைத்துத் தகர்த்தது. அங்கே கிடைத்த 4,000 ஆண்டுப் பழமையான பின்னிய முடி, இன்று வாழும் புட்டு குந்தி குராமா, பினிகுரா மக்களின் முன்னோருடையது என மரபணு ஆய்வு காட்டியிருந்தது. அவர்களுடைய நிலவுரிமை 2015இலேயே நீதிமன்றத்தால் ஏற்கப்பட்டது. இருந்தும் 2013இல் அமைச்சர் தந்த அனுமதி செல்லுபடியாயிற்று.

சட்டப்படி அவர்களுக்கு இருந்தது பேச்சுவார்த்தை உரிமை மட்டுமே. ஆறு மாதத்தில் உடன்பாடு வராவிட்டால் நடுவர் மன்றம் முடிவெடுக்கும். 2007ஆம் ஆண்டின் பூர்வகுடிகள் உரிமைப் பிரகடனத்தில் ஐ.நா. வலியுறுத்திய முன்கூட்டிய, தெரிந்து தரும், சுதந்திரமான சம்மதம் இதைவிட வெகுதூரம் முன்னே நிற்கிறது. அப்பிரகடனத்தை எதிர்த்து வாக்களித்த நான்கு நாடுகளுள் ஆஸ்திரேலியாவும் ஒன்று. 2009இல் அது தன் ஆதரவைத் தெரிவித்தது, உள்நாட்டுச் சட்டமாக்கவில்லை. தொன்மையான ஒன்றை 46,000 ஆண்டுகள் காத்தவர்களுக்கு அதைத் தொடாதே என்று சொல்லும் அதிகாரம் இல்லாதபோது, உரிமை என்ற பெயர் எவ்வளவு பொருந்தும் என்று கேட்பது நியாயமே.

இழப்பின் விலை

எடுத்ததற்கு இழப்பீடு என்ன என்ற கேள்விக்கு உயர் நீதிமன்றம் முதல் விடை தர 2019 ஆயிற்று. வடக்கு ஆட்சிப்பகுதியின் டிம்பர் கிரீக் ஊரில் ங்கலிவுரு, நுங்கலி மக்களுக்கு ஏறத்தாழ 25.3 இலட்சம் டாலர் வழங்கப்பட்டது. நிலத்தின் பொருளாதார மதிப்பு முழு உரிமை நிலத்தின் பாதி எனக் கொள்ளப்பட்டு, அதற்கு 3.2 இலட்சமே கிடைத்தது. நிலத்தோடுள்ள பண்பாட்டு உறவின் இழப்புக்கு 13 இலட்சம், எஞ்சியது வட்டி. ஆன்மிக இழப்பைப் பணத்தில் அளப்பது இயலாத செயல் என்று சொல்லி ஒதுங்காமல், நீதிமன்றம் அதைச் சந்தையின் மதிப்பைவிட மேலே வைத்தது. அதே வேளையில் பாதி விலை என்ற கணக்கு, உரிமை 'மெலிந்தது' என்ற பழைய கருத்தின் தொடர்ச்சி.

2025 மார்ச் 12 அன்று வந்த யுனுபிங்கு தீர்ப்பு இக்கருத்தை அசைத்திருக்கிறது. பூர்வகுடி உரிமை இயல்பிலேயே நிலையற்றது, எனவே அதை முடிப்பது சொத்தை எடுப்பது ஆகாது என்று மத்திய அரசு வாதிட்டது. உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. 1911 முதல் மத்திய அரசு வடக்கு ஆட்சிப்பகுதியை நேரடியாக ஆண்ட காலத்தில் எடுத்ததற்கும் அரசியலமைப்புப்படி நியாயமான இழப்பீடு கேட்கலாம் என்றது. வழக்கு கோவ் தீபகற்பத்தின் குமாஜ் மக்களுடையது, பாக்சைட் சுரங்கக் குத்தகைகள் பற்றியது. 1971இல் பிளாக்பர்ன் கைவிரித்த அதே நிலம். தொகை எவ்வளவு என்பது இனிமேல்தான் முடிவாக வேண்டும்.

பிற நாடுகளின் வெளிச்சம்

அளவுகோலை மாற்றலாம் என்பதற்குச் சான்றுகள் வெளியே உள்ளன. தென்னாப்பிரிக்காவின் அரசியலமைப்பு நீதிமன்றம் 2003இல் ரிக்டர்ஸ்வெல்ட் வழக்கில், மக்களின் மரபுச் சட்டத்தையே அளவுகோலாகக் கொண்டு, கனிமங்கள் உட்பட நிலம் அவர்களுடையது என்றது. வார்டு தீர்ப்புக்கு நேர் எதிரான முடிவு இது. கனடா உச்ச நீதிமன்றம் 2014இல் சில்கோட்டின் மக்களுக்கு ஏறத்தாழ 1,750 சதுர கிலோமீட்டர் நிலத்தின் மீதான உரிமையை ஏற்று, அங்கே அரசு தலையிட்டால் அதற்கான நியாயத்தை அரசே காட்ட வேண்டும் என்றது. மலேசிய நீதிமன்றங்கள் மாபோவைப் பின்பற்றி ஒராங் அஸ்லி மக்களின் நிலவுரிமையை ஏற்றன. இந்தியாவின் 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம், வரலாற்று அநீதியைச் சரிசெய்வதைத் தன் முகப்பிலேயே நோக்கமாகச் சொல்கிறது. கிராம சபையில் தொடங்கும் அதன் நடைமுறையில், ஊர்ப் பெரியவர்களின் வாய்மொழியும் எழுத்தில் பதியப்பட்டால் சான்றாகும். இந்த வழிகளிலும் நடைமுறைக் குறைகள் ஏராளம். இருந்தாலும் மெய்ப்பிக்கும் சுமையும் அளவுகோலும் இயற்கையாக அமைந்தவை அல்ல, தேர்ந்தெடுக்கப்பட்டவை என்பதை இவை நிறுவுகின்றன.

எஞ்சி நிற்பவை

இதுவரை பார்த்ததிலிருந்து சிலவற்றை ஓரளவு உறுதியாகச் சொல்லலாம். முதல் விடை சட்டத்தாலும் வரலாற்றாலும் தோற்றுவிட்டது. இரண்டாம் விடை கோட்பாடாகத் தோற்றாலும், உரிமையை முடிக்கும் அதிகாரம், தொடர்ச்சிச் சோதனை, மறுப்புரிமை இல்லாமை ஆகிய வடிவங்களில் மூன்றாம் விடைக்குள்ளேயே வாழ்கிறது. யுனுபிங்கு தீர்ப்பு இவற்றுள் ஒன்றை, விலையின்றி முடிக்கலாம் என்ற எண்ணத்தை, பெரிதும் பலவீனப்படுத்தியிருக்கிறது. அரசியலமைப்பின் பாதுகாப்பு மத்திய அரசின் செயல்களுக்கே பொருந்துவதால், இனப்பாகுபாட்டுத் தடைச் சட்டம் வந்த 1975க்கு முன் மாநிலங்கள் எடுத்தவற்றுக்கு இது எட்டுமா என்பது ஐயமே.

இரண்டு கேள்விகள் திறந்தே இருக்கின்றன. மெய்ப்பிக்கும் சுமையை மாற்றினால் யோர்ட்டா யோர்ட்டா போன்றவர்களுக்கு நியாயம் கிடைக்குமா? பெரும்பாலும் உதவும் என்றே தோன்றுகிறது, ஆனால் ஏற்கெனவே முழு உரிமையோடு விற்கப்பட்ட நிலங்களில் அதனால் பயனிருக்காது. அங்கே வேறுவகை ஈடு தேவை. மற்றது அதைவிடப் பெரியது. ஆட்சியுரிமை எப்படி வந்தது என்பதை ஆஸ்திரேலிய நீதிமன்றங்கள் விசாரிக்க மறுக்கின்றன. அந்த அதிகாரத்திலிருந்தே தாங்களும் பிறந்ததால் அது இயல்பே. எனவே அக்கேள்வி ஒப்பந்தம், அரசியலமைப்பு ஆகிய அரசியல் வழிகளில்தான் தீர வேண்டும். நாடாளுமன்றத்துக்கு ஆலோசனை சொல்லும் குரலைப் பூர்வகுடிகளுக்குத் தரும் அரசியலமைப்புத் திருத்தத்தை 2023 அக்டோபர் 14 அன்று வாக்காளர்களில் ஏறத்தாழ 60 விழுக்காட்டினர் நிராகரித்தபின் அந்த வழி நீண்டிருக்கிறது, அடைபடவில்லை.

மேர் தீவின் தோட்ட எல்லைகளை மெரியம் மக்களே வரையலாம் என்று 1992இல் ஒப்புக்கொண்ட ஒரு சட்ட முறைமை, அந்த ஒப்புதலின் முழுப் பொருளையும் ஏற்க வேண்டும். உரிமை ஒரு மக்களின் சட்டத்தில் பிறக்கிறதென்றால், அதன் அளவையும் முடிவையும் தீர்மானிப்பதிலும் அந்தச் சட்டத்துக்குக் குரல் இருக்க வேண்டும். அந்தக் குரலை எந்த அமைப்பின் வழியாக, எவ்வளவு கனத்தோடு சேர்ப்பது என்பதே அடுத்த தலைமுறை நீதிபதிகளும் சட்டமன்றத்தினரும் விடைகாண வேண்டிய கேள்வி.